செலவும் அடுப்படியும்

கேள்வி: மலையாளப் படங்களில் அன்றாட வாழ்க்கை இவ்வளவு இயல்பாக வருவதற்குக் காரணம், அங்கே நட்சத்திரச் சம்பளமும் தயாரிப்புச் செலவும் குறைவு என்பதுதானே?

பதில்: இந்த விளக்கத்தை நான் ஏற்கவில்லை. குறைந்த செலவில் எடுக்கப்படும் படங்கள் எல்லா மொழிகளிலும் வந்து போகின்றன; அவற்றில் பலவற்றில் ஊர் என்று ஒன்றே கிடையாது. நல்ல மலையாளப் படங்கள், கதைமாந்தர் என்ன தொழில் செய்து பிழைக்கிறார், அவர் வீட்டு வேலை யார் தலையில் விழுகிறது என்பதிலிருந்தே எழுதப்படுகின்றன. திலீஷ் போத்தனின் 'மகேஷின்றெ பிரதிகாரம்' (2016) இடுக்கியின் அழகுக்காகப் புகழப்பட்டது. ஆனால், போட்டோ ஸ்டூடியோ வைத்திருக்கும் நாயகனுக்குத் தன் தொழிலே சரியாகத் தெரியவில்லை என்பது உறைக்கும் இடத்தில்தான் அந்தப் படம் உயர்கிறது.

ஜியோ பேபியின் 'தி கிரேட் இந்தியன் கிச்சன்' (2021) படத்தைப் பாருங்கள். மாமனார் குரலை உயர்த்துவதில்லை. சோற்றை விறகடுப்பில் வடிக்கலாமே, சட்னியை அம்மியில் அரைக்கலாமே, என் துணியை வாஷிங் மெஷினில் போட வேண்டாமே என்று தணிந்த குரலில்தான் கேட்கிறார். அந்த ஒவ்வொரு வேண்டுகோளும் மருமகளின் நாளில் இன்னொரு பொழுதைத் தின்றுவிடுகிறது. ஆண்கள் மென்று போட்ட சக்கை இறைந்து கிடக்கும் அதே மேசையில்தான் பெண்கள் பிறகு சாப்பிட உட்காருகிறார்கள். இந்தக் காட்சிக்குப் பெரிய பணம் தேவையில்லை என்பது உண்மை. ஆனால் பணம் இல்லாத எல்லோருக்கும் இது கண்ணில் படுவதில்லையே! அடூர் கோபாலகிருஷ்ணனுக்கு 1980-களின் தொடக்கத்திலேயே கண்ணில் பட்டது: 'எலிப்பத்தாயம்' படத்தில், எதற்கும் அசையாத தறவாட்டுத் (பரம்பரைக் குடும்ப வீட்டின்) தலைவனுக்காக உழைத்து உழைத்தே படுக்கையில் விழுகிறாள் அவன் சகோதரி ராஜம்மா.

இதை வைத்துக் கேரளத்தின் வாழ்க்கை முழுவதும் திரைக்கு வந்துவிட்டது என்று சொல்வதற்கும் நான் உடன்படமாட்டேன். நாயர் தறவாடுகளும் சிரியன் கிறிஸ்தவக் குடும்பங்களும் திரையில் பெற்ற இடத்தில் சிறு பங்குகூடத் தலித், பழங்குடி வீடுகளுக்குக் கிடைக்கவில்லை. முதல் மலையாளப் படமான 'விகதகுமார'னில் நாயர் பெண்ணாக நடித்ததற்காகவே, தலித் பெண்ணான பி.கே. ரோசி ஊரைவிட்டு விரட்டப்பட்டார். அடுப்படி வரை சென்று பார்க்கத் தெரிந்த இயக்குநர்களிடம், அந்த வீடுகளுக்குள்ளும் வரும்படி கேட்பது மலையாளப் படங்களை நேசிக்கும் நம் உரிமை.