அட்டென்டன்ஸ் குறைவால் தேர்வு எழுதத் தடை: ஹைகோர்ட்டில் எது எடுபடும்?

அட்டென்டன்ஸ் 75% வேண்டும், 73% தான் இருக்கிறது என்று ஹால் டிக்கெட் தர மறுக்கிறார்கள், கோர்ட்டுக்குப் போனால் செமஸ்டர் எழுத முடியுமா என்று கேட்டிருக்கிறீர்கள்.

போகலாம். அரசியலமைப்பின் 226-வது பிரிவில் சென்னை உயர் நீதிமன்றத்திலோ, தென்மாவட்டம் என்றால் மதுரைக் கிளையிலோ ரிட் மனு (பொது அமைப்பின் தவறான முடிவை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் நேரடியாகப் போடும் மனு) போட வேண்டும். நிகர்நிலைப் பல்கலைக்கழகமும் இதற்குள் வரும் என்று 2015-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. நுகர்வோர் கோர்ட் பக்கம் போகாதீர்கள், நாள்தான் வீணாகும்.

"உடம்பு சரியில்லை, ஒரு வருஷம் போய்விடும்" என்பதை மட்டும் நம்பிப் போனால் பெரும்பாலும் மனு தள்ளுபடிதான். விதியில் இருக்கும் சதவீதத்தை நீதிபதி குறைக்க மாட்டார். கல்லூரி தன் விதியைத் தானே மீறியது என்று காட்டினால்தான் வழக்கு நிற்கும்.

அதனால் முதலில் கணக்கைப் பாருங்கள். 90 மணி நேரத்தில் 66 வந்திருந்தால் 73.3%. பல்கலைக்கழகப் போட்டிக்குப் போன 3 மணி நேர ஓ.டி. (ஆன் டியூட்டி, அதாவது கல்லூரி அனுமதியோடு வெளியே போன நேரம்) ஏறாமல் விட்டுப்போயிருந்தால், அதைச் சேர்த்ததும் 69, அதாவது 76.7%. ஓ.டி. கடிதம், பாடவாரிப் பதிவு, இரண்டும் கையில் இருந்தால் இதைவிட நல்ல வாதம் கிடையாது. அடுத்தது காண்டொனேஷன், அதாவது குறைவை மன்னித்து விலக்கு தருவது. பல பல்கலைக்கழகங்களில் 65 முதல் 75 வரை உள்ளவர்கள் மருத்துவச் சான்றும் கட்டணமும் கொடுத்து விலக்கு கேட்கலாம். கேட்டும் காரணம் சொல்லாமல் மறுத்திருந்தால் அது வலுவான குறை. ஆனால் டிடெய்ன் பட்டியல் (தேர்வெழுதத் தடை செய்யப்பட்டவர்கள் பட்டியல்) ஒட்டிய பிறகு வாங்கிய சான்றை எந்த நீதிபதியும் சந்தேகத்தோடுதான் பார்ப்பார்.

முதல்வருக்கும் தேர்வுக் கட்டுப்பாட்டு அலுவலருக்கும் இன்றே மனு எழுதிக் கொடுத்து, நகலில் தேதியோடு முத்திரை வாங்குங்கள். வாங்க மறுத்தால் மின்னஞ்சலும் பதிவுத் தபாலும். கேட்டதற்கும் மறுத்ததற்கும் தாள் இல்லையென்றால் "முதலில் அங்கே போய்க் கேளுங்கள்" என்று அனுப்பிவிடுவார்கள். பதிவுகளை ஆர்.டி.ஐ.யில் (தகவல் அறியும் உரிமைச் சட்டம்) கேட்டால் 30 நாள் ஆகும், தேர்வு காத்திருக்காது. மறுப்பு எழுத்தில் வந்திருந்தால் அந்த ஆணையையே ரத்து செய்யக் கேட்க வேண்டும். கூடவே, தேர்வெழுத அனுமதி கேட்டு இடைக்கால மனு. தேர்வுக்கு முந்தின நாள் போனால் பல்கலைக்கழக வக்கீல் விவரம் கேட்டுச் சொல்ல அவகாசம் கேட்பார். அதற்குள் முதல் தாள் முடிந்துவிடும். பட்டியல் வந்த வாரத்திலேயே வக்கீலைப் பாருங்கள்.

இடைக்கால உத்தரவில் எழுதுவது வெற்றி இல்லை. ரிசல்ட் வழக்கின் முடிவுக்குக் கட்டுப்பட்டது. மனு தோற்றால் எழுதிய தாளும் போகும். இப்படி எழுத விடுவதையே 2003-ல் உச்ச நீதிமன்றம் கண்டித்திருக்கிறது. கல்லூரியே ஹால் டிக்கெட் கொடுத்து எழுத வைத்துவிட்டு, பிறகு அட்டென்டன்ஸைக் காட்டி ரிசல்ட்டை நிறுத்தினால் கதையே வேறு. நீங்கள் எதையும் மறைக்காதபட்சத்தில், 1975-ல் குருக்ஷேத்ரா பல்கலைக்கழக வழக்கில் உச்ச நீதிமன்றம் தந்த தீர்ப்பு உங்கள் பக்கம்.

18 வயது முடியவில்லை என்றால் பெற்றோர் அல்லது காப்பாளர் வழியாகத்தான் மனு போட முடியும். மாணவிகளுக்கும் எஸ்.சி., எஸ்.டி. மாணவர்களுக்கும் வருமானம் பார்க்காமல் இலவச வக்கீல் உண்டு. ஹைகோர்ட் வளாகத்திலுள்ள சட்டப் பணிகள் குழுவில் விண்ணப்பிக்கலாம்.