கமராவுக்கு முன்னால் சாட்சி: சட்டத்தரணியிடம் கேட்டவை

அக்கரைப்பற்று வாசகர்: யூடியூப்பில் அமெரிக்க வழக்குகள் பார்க்கிறேன். ஒரு சாட்சி தட்டுத்தடுமாறிப் பேசினார். பொய்தானே?

தடுமாற்றம்தான் பொய்யென்றால் எங்கள் பக்கத்துச் சாட்சிகளில் பாதிப்பேர் பொய்யர்கள். மட்டக்களப்பு மேல் நீதிமன்றத்தில் வாவியில் மீன்பிடிக்கும் ஒருவரைக் குறுக்கு விசாரணை செய்தேன். நிமிரவேயில்லை, கூண்டின் மரச்சட்டத்தை நகத்தால் சுரண்டிக்கொண்டே நின்றார். "எத்தனை மீற்றரில் எதிரியை (குற்றஞ்சாட்டப்பட்டவரை) கண்டீர்?" மீற்றர் அவருக்குத் தெரியாது, இரண்டு கையையும் விரித்த நீளமான பாகம்தான் தெரியும். "நாலு பாகம் இருக்கும் ஐயா." வெளிச்சம்? "என்ட தோணியில லாம்பு எரிஞ்ச." பொலிஸ் வாக்குமூலத்தைப் புரட்டினேன். அங்கேயும் அதே நாலு பாகம், அதே லாம்பு. உட்கார்ந்துவிட்டேன்.

முன்னாள் மனைவியைக் கொன்றதாக அமெரிக்க விளையாட்டு வீரர் ஓ. ஜே. சிம்ப்சன் மீது நடந்த 1995 வழக்கில் பொலிஸ் துப்பறிவாளர் மார்க் ஃபூர்மன் நேர்மாறு. குறிப்பிட்ட இனவெறிச் சொல்லைப் பத்து வருடமாகப் பாவிக்கவில்லை என்று நிதானமாகச் சாட்சி சொன்னார். பிறகு அவர் குரலிலேயே ஒலிநாடாக்கள் வந்தன. பொய்ச்சாட்சிக் குற்றச்சாட்டை 1996இல் அவர் எதிர்க்கவில்லை.

கல்முனை வாசகர்: இங்கேயும் நேரடி ஒளிபரப்பு வந்தால் நல்லதுதானே?

எனக்கு விருப்பமில்லை. முறை வரும்வரை சாட்சிகளை வெளியே இருத்துவது, முந்தியவர் சொன்னதைக் கேட்டுப் பிந்தியவர் கதையைச் சரிக்கட்டாமல் இருக்கத்தான். ஒளிபரப்பு வந்தால் விறாந்தையில் இருந்தபடி போனிலேயே பார்த்துவிடுவார். தென்னாபிரிக்காவில் காதலியைச் சுட்டுக் கொன்ற ஓட்டவீரர் பிஸ்டோரியஸின் 2014 வழக்கில், சம்மதிக்காத சாட்சிகளின் குரலை மட்டும் விடலாம் என்று கட்டளை இருந்தது. அப்படியிருந்தும் அயல்வீட்டுப் பெண் சாட்சி சொல்லும்போதே ஒரு தொலைக்காட்சி அவரது படத்தைப் போட்டது. நீதிபதி மசிபா கண்டித்தார், ஆனால் முகம் வெளியே போனது போனதுதான்.

களுவாஞ்சிக்குடித் தாய்: ஒன்பது வயது மகள் ஒரு வழக்கில் சாட்சி. முகம் வெளியே தெரியுமா?

பயப்படாதீங்க தங்கச்சி, இங்கே விசாரணையை ஒளிபரப்புவதில்லை. அமெரிக்காவில் பொலிஸ்காரர் கொன்ற ஜோர்ஜ் ஃபுளொய்டின் 2021 கொலை வழக்கை உலகமே பார்த்தது, அதிலும் ஒன்பது வயதுச் சிறுமியின் குரல் மட்டும்தான் வந்தது. நமது சாட்சியக் கட்டளைச் சட்டத்தில் 1999இல் சேர்த்த பிரிவு, பிள்ளையின் ஆரம்ப நேர்காணலை வீடியோவில் பதிந்து சாட்சியமாகக் கொடுக்க இடம் தருகிறது. குறுக்கு விசாரணை மட்டும் தப்பாது. யாராவது மிரட்டினால் 2023ஆம் ஆண்டு 10ஆம் இலக்க சாட்சிகள் பாதுகாப்புச் சட்டம் இருக்கிறது. அரச சட்டவாதியிடம் முதலே சொல்லி வையுங்கள்.

கல்லடி வாசகர்: ஒருவரைக் குற்றவாளியாக்க ஒரே சாட்சி போதுமா?

போதும். சாட்சியக் கட்டளைச் சட்டத்தின் 134ஆம் பிரிவு எண்ணிக்கை கேட்பதில்லை. நாலு பாகக்காரரும் தனிச் சாட்சிதான். என் கட்சிக்காரர் உள்ளே போனார்.