மஞ்சள் கல் சிவந்தால்…
வாசகர் கேள்விகளுக்கு ஆத்தங்குடியில் தலைமுறை தலைமுறையாகத் தரைக்கு வண்ணக் கல் (டைல்) வார்க்கும் குடும்பத்துப் பெரியவர் பதில் சொல்கிறார்

எங்கள் வீடு பள்ளத்தூரில். அப்பச்சி தவறிய பிறகு, வளவில், அதாவது உள்முற்றத்தில், தூணுக்குப் பக்கத்தில் இருக்கிற ஒரு மஞ்சள் கல் மட்டும் வரவரச் சிவக்கிறது. கொத்தனார் ஓதம் என்கிறார். ஆத்தாவோ, “கல்லுக்கு நினைப்பேறிடுச்சு, அப்பச்சிதான்” என்கிறார். எதை நம்புவது?
- வாசகி, கோயம்புத்தூர்

நினைப்பேறியது உண்மைதான் ஆச்சி. கொத்தனாரையும் குறை சொல்ல முடியாது. ஐப்பசி, கார்த்திகை அடைமழையில் ஓதம் ஏறாத பழைய தரை ஏது? ஆனால் ஓதம் கல்லின் ஓரத்தில்தான் தொடங்கும். இணைப்பில் வெள்ளையாக உப்புப் பூக்கும். ஈரத்துணியால் துடைத்தால் போய், காய்ந்ததும் திரும்ப வரும். நினைப்பு கல்லின் நடுவில் ஒரு ரூபாய்க் காசு அளவுக்குத் தொடங்கும். பிறகு பரவிப் பரவி, பூவேலையின் கோடு வரைக்கும் போய் நின்றுவிடும். கோட்டைத் தாண்டாது.

அதற்குக் காரணம் உண்டு. கல் வார்க்கும்போது கண்ணாடியின் மேல் அச்சை வைத்து, அதன் ஒவ்வொரு அறையிலும் ஒரு சாயத்தை ஊற்றுவோம். சிமெண்டும் மணலும் ஆக்சைடும் கரைத்த சாயம் அது. அச்சைத் தூக்கினாலும் மஞ்சள் மஞ்சளாக, சிவப்பு சிவப்பாக அதனதன் எல்லையில் நிற்கும். அதன்மேல் உலர்ந்த சிமெண்ட் மணலைத் தூவி, அப்புறம் ஈரக் கலவையைப் போட்டு மட்டம் செய்வோம். இது சூளை பார்க்காத கல். தண்ணீர்த் தொட்டியில் ஊறி, வெயிலில் காய்ந்தே இறுகுகிறது. சூளையில் சுட்ட கல்லில் நினைப்பேறி நான் பார்த்ததில்லை.

ஒன்றில் மட்டும் ஆத்தா சொல்வதிலிருந்து மாறுபடுகிறேன். அந்த நினைப்பு அப்பச்சியுடையது இல்லை. உயிரோடு இருக்கிறவர் நினைப்புதான் கல்லில் ஏறும். அப்பச்சி கணக்கு எழுதும்போது அந்தத் தூணடியில் போய் உட்கார்ந்தது யார்? உங்களுக்கே தெரிந்திருக்கும். கோயம்புத்தூரில் நீங்கள் ஏங்குவதற்குப் பள்ளத்தூரில் மஞ்சள் சிவக்கிறது.

பர்மாவுக்குக் கொண்டுவிக்க, அதாவது கடல் கடந்து தொழில் செய்ய, செட்டியார்கள் போன காலத்தில் இந்தக் கல்லைப் பார்த்துத்தான் பல வீடுகளில் சேதி அறிந்தார்கள். எங்கள் அப்பா சொன்னது இது. 1941 டிசம்பரில் ரங்கூனில் ஜப்பான்காரன் குண்டு போட்ட பிறகு, ஒரு வீட்டுக்குக் கடிதம் வருவது நின்றுபோனது. செட்டியார் இறந்துவிட்டார் என்றே ஊர் பேசியது. அந்த வீட்டு ஆச்சி மட்டும் ஒப்பவில்லை. முகப்பில் அவர் வழக்கமாக நிற்கிற பச்சைக் கல் நாளுக்கு நாள் கருத்துக்கொண்டே வந்தது. “பயந்துபோய் இருக்காக, ஆனா இருக்காக” என்று ஆச்சி தினமும் அங்கேயே விளக்கு வைத்தார். மணிப்பூர் வழியாக நடந்து, ரயிலேறி, உடம்பெல்லாம் காய்ச்சலோடு செட்டியார் வந்து சேர்ந்தார். அந்த வாரமே கல் தளிர்ப் பச்சைக்குத் திரும்பிவிட்டதாம். எங்கள் அப்பா அந்தக் கல்லைத் தொட்டுப் பார்த்திருக்கிறார்.

கானாடுகாத்தானில் உள்ள எங்கள் வீட்டை விற்கப் பங்காளிகள் எல்லோரும் சம்மதித்துவிட்டார்கள். நினைப்பேறிய சில கற்களை மட்டும் பெயர்த்து வந்து, சென்னையில் எங்கள் பிளாட்டில் பதித்துக்கொள்ளலாமா?
- வாசகர், சென்னை

வேண்டாம் தம்பி. பெயர்க்கும்போதே பாதி உடைந்துவிடும். முழுசாக வந்தாலும் நிறம் வராது. காரைக்குடி முனீஸ்வரன் கோவில் தெருவில் பழைய சாமான் கடைகளைப் பார்த்திருப்பீர்கள். தேக்குத் தூண், நிலைக்கதவு, பெல்ஜியம் கண்ணாடி என்று பிரித்த வீடுகளின் சாமானெல்லாம் அங்கே நிற்கும். பழைய கல்லும் அடுக்கிக் கிடக்கும். நினைப்பேறிய கல் என்று சொல்லி விற்றதை எடுத்துப் பார்த்திருக்கிறேன். நான் வார்த்த அன்றைக்கு இருந்த நிறம்தான் இருந்தது. அந்த முற்றத்து வெயில், கூரையிலிருந்து மழைத்தண்ணீர் இறங்கும் சத்தம், சுண்ணாம்புச் சுவரின் குளுமை, இதெல்லாம் சுற்றி இருந்தால்தான் கல்லில் நினைப்பு நிற்கும்.

வீட்டை விற்பது தப்பென்று சொல்ல மாட்டேன். இத்தனை பங்குள்ள வீட்டில் ஓடு மாற்றக்கூட ஒருமித்துக் கையெழுத்து வாங்க முடியாது. ஆனால் பத்திரம் பதிவதற்கு முன்னால் ஒரு காரியம் செய்யுங்கள். கட்டிக்கொடுத்த அக்கா தங்கைகள் உட்பட எல்லோரையும் ஒரு நாள் வரவழையுங்கள். செருப்பில்லாமல் முகப்பிலிருந்து அடுப்படி வரைக்கும் நடக்கச் சொல்லுங்கள். எந்தக் கல் யாருக்கு நிறம் மாறுகிறது என்று பார்த்து, வாங்குகிறவரிடம் காட்டி, அதை மட்டும் உடைக்க வேண்டாம் என்று கேளுங்கள். இப்போது பெரிய வீடுகளை ஓட்டலாக்குகிறவர்கள் தரையைத் தொடுவதில்லை. அவர்களுக்கு அந்தத் தரைதான் வியாபாரம். உரிமை கைமாறியதால் கல் உங்களை மறக்காது. வீடு அடுத்தவர் பேருக்குப் போன பிறகும், சென்னையில் நீங்கள் ஏங்கினால் கானாடுகாத்தானில் மஞ்சள் சிவக்கும். அப்படிச் சிவந்த தரைகளை நான் நேரில் பார்த்திருக்கிறேன். ஆகையால் கல்லை அங்கேயே விடுங்கள்.

என் மகள் பிறந்து வளர்ந்தது சிங்கப்பூரில். ஒரே ஒரு தடவைதான் ஊர் வீட்டுக்கு வந்திருக்கிறாள். அவளுக்கும் கல் நிறம் மாறுமா?
- வாசகி, சிங்கப்பூர்

வெறுங்காலோடு நடந்தாளா? நடந்திருந்தால் மாறும். குழந்தைகள் நினைப்பு மஞ்சளை வெளுக்க வைக்கும், உற்றுப் பார்த்தால்தான் தெரியும். அடுத்த முறை வரும்போது சாக்ஸைக் கழற்றச் சொல்லி, தரையில் உட்கார வைத்துச் சாப்பாடு போடுங்கள்.

இரண்டாங்கட்டில் சிவப்புக் கல் ஒன்று கருத்துவிட்டது. ஆசிட் போட்டுத் தேய்த்தால் போகுமா?
- வாசகர், தேவகோட்டை

ஐயா, ஆசிட்டைத் தொடவே தொடாதீர்கள். அது சிமெண்டைத் தின்று, மேல் சாயத்தையும் கொண்டுபோய்விடும். தண்ணீரால் துடைத்து, துணியில் துளித் தேங்காய் எண்ணெய் தொட்டுத் தேய்த்தால் போதும். அழுக்காக இருந்தால் அதிலேயே போகும். போகவில்லை என்றால் அது கோபம். சிவப்புக் கல்லைக் கருக்க வைப்பது அதுதான். யார் கோபம் என்று யோசித்துப் பாருங்கள். பெரும்பாலும் பாகம் பிரித்தபோது பேச்சை நிறுத்திக்கொண்ட அண்ணனோ தம்பியோ இருப்பார். போன் போட்டு நீங்களே முதலில் பேசுங்கள். பேசிய பிறகும் கருப்பு இறங்கவில்லை என்றால் எழுதுங்கள், தேவகோட்டை பக்கம்தானே, நானே வந்து பார்க்கிறேன்.