புகாரை வாபஸ் வாங்கினால் கேஸ் முடிந்துவிடுமா?

கேள்வி: டர்பனில் சாட்ஸ்வொர்த்தில் இருக்கிறோம். தீபாவளி வெடித் தகராறில் என் அக்கா மகன் பக்கத்து வீட்டுக்காரரை அடித்துவிட்டான். போலீஸில் கேஸ் ஆனது. இப்போது பெரியவர்கள் பேசி சமாதானம் ஆகிவிட்டது, அவரும் வாபஸ் வாங்குகிறேன் என்கிறார். இதோடு முடிந்ததா? அபராதம் கட்டி முடித்துக்கொள் என்றும் சிலர் சொல்கிறார்கள். கட்டலாமா?

பதில்: முடியவில்லை அம்மா. புகார் கொடுத்தது அவர்தான், ஆனால் வழக்கு அரசினுடையது. போலீஸ் டாக்கெட் (வழக்குக் கோப்பு) திறந்து வாக்குமூலங்களைச் சேர்க்கும். குற்றம் சாட்டுவதா வேண்டாமா என்பதை ப்ராசிக்யூட்டர், அதாவது அரசு வக்கீல்தான் முடிவு செய்வார். தென்னாப்பிரிக்க அரசியலமைப்பின் 179-ஆம் பிரிவு அந்த அதிகாரத்தை அவர் தரப்புக்குத்தான் கொடுக்கிறது.

அநியாயமாகத் தோன்றலாம். ஆனால் புருஷனிடம் அடிவாங்கிய பெண்ணை நினைத்துப் பாருங்கள். 'குடும்ப மானம் போகுது, வாபஸ் வாங்கு' என்று நம் வீடுகளிலேயே எத்தனை பேர் நெருக்குவார்கள்! அவள் கையெழுத்து ஒன்றே போதும் என்றால் அந்த நெருக்கடிதான் ஜெயிக்கும்.

உங்கள் விஷயத்தில் அவர் வாபஸ் வாக்குமூலம் எழுதிக் கொடுக்கட்டும். சிறிய காயம், முதல் தப்பு என்றால் ப்ராசிக்யூட்டர் பெரும்பாலும் அதற்கு மதிப்புக் கொடுப்பார். ஆனால் குற்றம் செய்தாயா என்று கோர்ட்டில் கேட்டுப் பதில் சொல்வதற்கு முன் கைவிட்ட வழக்கை மறுபடி எடுக்கலாம். பதில் சொன்ன பிறகு நிறுத்தினால்தான் விடுதலை. பையனை அவர் வீட்டுக்கு அனுப்பிக் கெஞ்ச வைக்காதீர்கள். பெயில் நிபந்தனை அதைத் தடுத்திருக்கலாம். மிரட்டினான் என்று யாராவது சொன்னால் அது தனி வழக்கு.

அபராதம்தான் எனக்குக் கவலை. குற்றத்தை ஒப்புக்கொண்டு பணம் கட்டுவதை, குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் (1977-ஆம் ஆண்டு 51-ஆம் எண் சட்டம்) 57-ஆம் பிரிவு தண்டனை பெற்றதாகவே கொள்கிறது. வெள்ளிக்கிழமை ராத்திரி பிடிபட்டவன், திங்கட்கிழமை வரை உள்ளே கிடக்க பயந்து கையெழுத்துப் போடுவான். பல வருஷம் கழித்து வேலைக்கோ வெளிநாட்டுக்கோ போலீஸ் கிளியரன்ஸ் கேட்கும்போதுதான் தெரியும். அந்தக் குற்றப் பதிவை அழிக்க வேண்டுமென்றால் பொதுவாக 10 வருஷம் காத்திருந்து விண்ணப்பிக்க வேண்டும். எனவே வக்கீலைப் பார்க்காமல் எதிலும் கையெழுத்து வேண்டாம். வசதி இல்லையென்றால் லீகல் எய்டில் கேளுங்கள்.

அப்புறம், சமாதானம் ஆகிவிட்டதே என்று கோர்ட் தேதியன்று வீட்டில் இருந்துவிடாதீர்கள். வராவிட்டால் வாரண்ட் வரும்.