ஃபைபரில் வெளிச்சம் எங்கே தொலைகிறது?

கேள்வி: இரண்டு வாரமாக மோடத்தில் எல்ஓஎஸ் (ஒளி சிக்னல் இல்லை என்று காட்டும்) விளக்கு அவ்வப்போது சிவப்பாக எரிந்து நெட் நின்றுவிடுகிறது. லைன்மேன் மீட்டர் வைத்துப் பார்த்துவிட்டு, “மைனஸ் 28 வருது சார். எக்ஸ்சேஞ்ச் 4 கிலோமீட்டர் தள்ளி இருக்கு, அப்படித்தான் வரும்” என்கிறார். தூரம்தான் காரணமா?
- வாசகர், திண்டுக்கல்

பதில்: இல்லை. கணக்குப் போட்டாலே தெரிந்துவிடும். வீட்டு இணைப்புகளில் பரவலாக உள்ள, ஒரே ஃபைபரைப் பல வீடுகள் பகிரும் ஜிபான் முறையில், எக்ஸ்சேஞ்சிலிருந்து ஒளி 1490 நானோமீட்டர் அலைநீளத்தில் வருகிறது. நல்ல சிங்கிள் மோட் ஃபைபரில் அது கிலோமீட்டருக்குச் சுமார் 0.25 டெசிபல்தான் (ஒளி இழப்பை அளக்கும் அலகு) குறையும். ஆக 4 கிலோமீட்டருக்கு 1 டெசிபல். பெரிய செலவு ஸ்ப்ளிட்டரில்தான்: ஒரே ஒளியை 32 வீடுகளுக்குப் பங்கிட்டால் 17 போகும். கனெக்டர்கள், ஸ்ப்ளைஸ்கள் (ஃபைபரை ஒட்டிய இடங்கள்) எல்லாவற்றுக்கும் 2 வைத்துக்கொள்ளுங்கள். மொத்தம் 20. அங்கே +3 டிபிஎம் (ஒளியின் திறன் அளவு, லைன்மேன் சொன்ன −28-ம் இதில்தான்) புறப்பட்டால் உங்கள் வீட்டில் −17 அருகே காட்ட வேண்டும். 64 வீடுகளுக்குப் பிரித்திருந்தாலும் −21-க்குக் கீழே போகக் கூடாது.

−28 என்றால் குறைந்தது 7 டெசிபல், 32 பிரிவு என்றால் 11 டெசிபல், வழியில் வீணாகிறது. 10 டெசிபல் இழப்பு என்பது பத்தில் ஒரு பங்கு ஒளிதான் வந்து சேர்கிறது என்று பொருள். பி பிளஸ் வகை மோடம் ஒளியை உணரும் எல்லையே −27தான். விளக்கு விட்டுவிட்டு எரிவதில் வியப்பில்லை.

முதலில், அதே ஸ்ப்ளிட்டரில் உள்ள பக்கத்து வீட்டில் அளக்கச் சொல்லுங்கள். அங்கேயும் குறைவு என்றால் கோளாறு ஸ்ப்ளிட்டரிலோ அதற்கு முன்னோ இருக்கிறது. உங்களுக்கு மட்டும் என்றால் பெரும்பாலும் டிராப் கேபிள் (கம்பத்திலிருந்து வீட்டுக்கு வருவது), சுவர்ப் பெட்டி, பேட்ச் கார்டு (பெட்டியிலிருந்து மோடத்துக்குப் போவது) ஆகிய மூன்றுக்குள்தான்.

அடுத்து வளைவு. ஒளி கண்ணாடியின் உட்சுவரில் சாய்வாகப் பட்டுத் திரும்பித் திரும்பித்தான் போகிறது. கேபிளை இறுக்கி மடக்கினால் அந்தக் கோணம் கெட்டு ஒளி வெளியே கசிந்துவிடும். மோடத்துக்குப் பின்னால் சுருட்டி ரப்பர் பேண்ட் போட்ட பேட்ச் கார்டு, ஜன்னல் கதவில் நசுங்கும் டிராப் கேபிள், ஆணி கிளிப் இறுக்கிய சுவர் மூலை, இந்த இடங்களைத்தான் முதலில் பார்க்க வேண்டும். சாதாரண ஜி.652 ஃபைபருக்கு வளைவின் ஆரம் 30 மில்லிமீட்டராவது வேண்டும், ஜி.657ஏ2 வகை 7.5 வரை தாங்கும். மோடத்திலிருந்து பேட்ச் கார்டைக் கழற்றி, சிவப்பு ஒளி அடித்துக் கோளாறைக் காட்டும் விஎஃப்எல் பேனாவைப் பொருத்தினால் மடங்கிய இடம் மஞ்சள் உறையின் மேலேயே ஒளிரும். கறுப்பு டிராப் கேபிளில் இது தெரியாது.

பிறகு அழுக்கு. ஒளி போகும் மையம் வெறும் 9 மைக்ரான் அகலம். அதன் மேல் ஒரு தூசு உட்கார்ந்தால் போதும். பஞ்சு உதிராத துணியில் ஐசோபுரோபைல் ஆல்கஹால் தொட்டு ஒருமுறை, உடனே உலர்ந்த துணியால் ஒருமுறை துடையுங்கள். வாயால் ஊதாதீர்கள், ஈரம் படியும். அடாப்டருக்குள் (கனெக்டரைச் செருகும் துளை) இருக்கும் எதிர்முனையை விட்டுவிட்டால் அழுக்கு திரும்ப வந்து ஒட்டும். அதற்குத் துளைக்குள் விட்டு அழுத்தினால் முனையைத் துடைக்கும் கிளிக் கிளீனர் வேண்டும். கேபிள் முனையைக் கண்ணுக்கு நேரே பிடித்துப் பார்க்கவே கூடாது. அது கண்ணுக்குத் தெரியாத அகச்சிவப்பு லேசர்.

கேள்வி: பச்சைக் கனெக்டர் உடைந்ததால் கடையில் கிடைத்த நீலக் கனெக்டர் பேட்ச் கார்டை மாட்டினேன். சரியாகப் பொருந்துகிறது, ஆனால் நெட் வரவில்லை.
- வாசகி, தஞ்சாவூர்

பதில்: உடல் ஒன்றுதான், முனை வேறு. பச்சை ஏபிசி, அதன் முகம் 8 டிகிரி சாய்வாகத் தேய்க்கப்பட்டது. நீலம் யுபிசி, சாய்வு கிடையாது. இரண்டையும் சேர்த்தால் நடுவே காற்றிடைவெளி விழுந்து பல டெசிபல் போகும், ஒளி எதிரொளித்துத் திரும்பும், முனையில் கீறலும் விழலாம். சுவர்ப் பெட்டியில் ஒரு நிறம், மோடத்தில் வேறு நிறம் என்றால் இருபுறமும் அந்தந்த நிற முனை உள்ள கார்டு கேட்டு வாங்குங்கள்.

கேள்வி: மழை பெய்தால் ஃபைபரில் சிக்னல் குறையுமா?
- வாசகர், நாகர்கோவில்

பதில்: கேபிளுக்குள் போகும் ஒளியை மழை தொடாது. காற்றில் ஆடும் டிராப் கேபிள் கம்பத்தில் கட்டிய இடத்தில் மடங்குவதும், மூடி சரியாக மூடாத பெட்டிக்குள் நீர் இறங்கிக் கனெக்டரை நனைப்பதும்தான் காரணம். கேபிள் பெட்டிக்குள் மேலிருந்து நுழைந்தால் நீர் அதன் வழியே இறங்கும். கீழே ஒரு வளையம் விட்டு அடியிலிருந்து நுழைக்கச் சொல்லுங்கள்.