ஆறு டீம் மாறினவன் லாயக்கில்லாதவனா? – வாசகர் கேள்வி பதில்

லாஸ்பேட்டை வாசகர், புதுச்சேரி: பையன் அமெரிக்காவுல இருக்கான், அங்க போயிருந்தப்ப அவங்க ஊரு ஃபுட்பால் மேட்ச் டிவில பார்த்தேன். முன்னாடி அஞ்சு பேரு தடிதடியா குனிஞ்சு நிக்கிறாங்க, பந்தைத் தொடவே மாட்டேங்கிறாங்க. அதுல ஒருத்தரு ஆறாவது டீமுக்கு ஆடுறாராம். எங்கயும் நிலைக்காத ஆளை ஏன் சார் மறுபடி மறுபடி கூப்பிடுறாங்க?

நிலைக்காதவர்னு நீங்க சொல்றீங்க, ஆறு கோச்சுக்கு அவரு தேவைப்பட்டிருக்காருன்னு நான் சொல்றேன். அந்த அஞ்சு பேருதான் அஃபென்சிவ் லைன். நடுவுல சென்டர், ரெண்டு பக்கமும் கார்டு, ஓரத்துல டேக்கிள். சென்டர் மட்டும் காலுக்கு நடுவால பந்தை பின்னாடி தள்ளி விடுவாரு, மத்தபடி அந்த பந்தை வாங்கி வீசுற குவாட்டர்பேக் மேல எவனும் வந்து விழாம மறிக்கிறதுதான் வேலை. வில்லியனூர் தேருக்கு முட்டுக்கட்டை போடுறவரை யாராச்சும் நின்னு பார்க்கிறாங்களா, தேரு கோணலா போனாத்தானே ‘யார்ரா கட்டை போட்டது’ன்னு சத்தம் வரும், இவங்க கதையும் அதேதான். எதிராளியை கையால இழுத்துப் பிடிச்சா டீமே 10 கெஜம் பின்னாடி போகணும், அதான் பெனால்டி, அப்பத்தான் ரெஃப்ரி மைக்குல அவரு நம்பரைச் சொல்லுவாரு.

என்.எஃப்.எல்.னு சொல்ற அவங்க லீக்ல ஜூலை கடைசில பயிற்சி கேம்ப் ஆரம்பிக்கிறப்ப டீமுக்கு 90 பேரு, ஆகஸ்ட் கடைசில 53 பேராக்கணும், மத்தவங்களுக்கு கல்தா. பிராக்டிஸ் ஸ்குவாடுன்னு ஒரு 16 பேரை ஓரமா வச்சுக்கலாம், 2023-ல அதுல இருந்த புது ஆளுங்களுக்கு வாரம் 12,000 டாலர் குடுத்தாங்க, கேக்க பெரிய காசுதான் ஆனா சீசன் நடக்கிற வாரத்துக்கு மட்டும்தான், பிளேபுக், அதாவது டீமோட ஆட்டத் திட்டம் எல்லாம் இருக்கிற டேப்லெட்டை திருப்பிக் குடுன்னு சொல்லிட்டாங்கன்னா அன்னியோட சரி. அதே வாரம் வேற ஊருல ஒரு டேக்கிளுக்கு முட்டி போகும், இவருக்கு போன் வரும், பெட்டியை எடுத்துக்கிட்டு ஃப்ளைட் ஏறி ஓட்டல்ல ரூம் போட்டு ராத்திரி முழுக்க புது பிளேபுக் மனப்பாடம் பண்ணணும், ஏன்னா ஒரே ஆட்டத் திட்டத்துக்கு ஒவ்வொரு டீம்லயும் வேற வேற பேரு. இடது பக்கம் நின்னு பழகினவரு வலது பக்கம் நிக்கணும்னா காலு கை எல்லாமே மாத்தி வைக்கணும், ரெண்டு பக்கமும் ஆடத் தெரிஞ்ச ஆளுக்கு மவுசு அதனாலதான். 2020 ஒப்பந்தப்படி மேட்ச் அன்னிக்கு லைன் ஆளுங்க 8 பேரு தயாரா இருந்தா மொத்தம் 48 பேரை இறக்கலாம், இல்லன்னா 47தான். இப்படியே 3 சீசன் கணக்குல ஏறிட்டா பென்ஷன் உண்டு, பலரும் அதுக்காகத்தான் பல்லைக் கடிச்சுக்கிட்டு ஓட்டுறாங்க.

ஒரே டீம்ல இருந்தா மட்டும் என்ன கிடைச்சிடும்? டேக்கிள் ஜோ தாமஸ் 2007-ல இருந்து 2017 வரைக்கும் கிளீவ்லேண்ட்ல மட்டுமே ஆடினாரு, சென்டர் பந்தை பின்னாடி தள்ளுறதுக்கு ஸ்னாப்னு பேரு, அப்படி விடாம 10,363 ஸ்னாப் ஆடினாரு, ஆனா ஒரு பிளேஆஃப் மேட்ச் கூட ஆடல பாவம். ஜெஃப் சாட்டர்டேயை 1998-ல புது ஆளுங்களைப் பொறுக்கி எடுக்கிற டிராஃப்ட்ல எவனும் எடுக்கல, பால்டிமோர் சேர்த்துட்டு கழட்டி விட்டுச்சு, எலக்ட்ரிக்கல் சாமான் கடையில வேலை பார்த்துக்கிட்டு இருந்தாரு, அடுத்த வருஷமே இண்டியானாபோலிஸ் கூப்பிட்டுச்சு, 2007-ல சூப்பர் பவுல்ங்கிற ஃபைனல் ஜெயிச்ச டீமுக்கு சென்டரே அவருதான்.

வாசகி, மஞ்சக்குப்பம், கடலூர்: அவ்ளோ வெயிட்டோட ஆடுறாங்களே, உடம்பு என்னாவும்?

சாதாரணமா 136 கிலோவுக்கு மேலதான்மா இருப்பாங்க, ஆட்டத்தை விட்டதும் முதல் வேலையா இளைக்கப் பார்ப்பாங்க. முட்டி, தோள்பட்டை வலி போகாது. அதைவிட பயம் தலையிலதான். பிட்ஸ்பர்க் சென்டர் மைக் வெப்ஸ்டர் 2002-ல 50 வயசுல போயிட்டாரு, அவரு மூளையை ஆராய்ஞ்சுதான் டாக்டர் பென்னட் ஒமாலு தலையில அடி மேல அடி விழுந்து வர்ற சி.டி.இ.ங்கிற மூளை நோய் ஃபுட்பால் ஆடுறவங்களுக்கும் வருதுன்னு கண்டுபிடிச்சு சொன்னாரு, லீக் அதை லேசுல ஒத்துக்கல.

கபடி ஆடும் தம்பி, பாகூர்: நம்ம ஊரு பசங்க அங்க போக முடியுமா சார்?

வெளிநாட்டு ஆளுங்களுக்குன்னே 2017-ல ஒரு திட்டம் கொண்டு வந்தாங்க. ஆஸ்திரேலியாவுல ரக்பி ஆடிக்கிட்டு இருந்த ஜோர்டன் மைலாட்டா அந்த வழியா 2018-ல பிலடெல்பியாவுக்குப் போனாரு, அதுவரைக்கும் இந்த ஆட்டத்துல ஒரு மேட்ச் ஆடினதில்ல, 2025-ல சூப்பர் பவுல் ஜெயிச்சிட்டாரு. ஆளு 6 அடி 8 அங்குலம். உன் உயரம் எவ்ளோன்னு எழுதாம விட்டுட்டியே தம்பி.