முதல் திரைக்கதையை விற்பதா, தொடரில் உதவியாளராகச் சேர்வதா?

கேள்வி: அமெரிக்காவில் திரைக்கதைப் படிப்பை முடிக்கப்போகிறேன். ஒரு படத்துக்கான முழுத் திரைக்கதை கையில் இருக்கிறது. அதையே விற்கப் பார்ப்பதா, தொலைக்காட்சித் தொடர் ஒன்றில் உதவியாளராகச் சேர்வதா? வேறொருவர் மாற்றி எழுதினால் என் பெயர் திரையில் வருமா? கதை திருடுபோய்விடுமோ என்ற பயமும் இருக்கிறது.

பதில்: தொடரின் எழுத்தாளர்கள் கூடிப் பேசிக் கதையை உருவாக்கும் எழுத்தாளர் அறையில் உதவியாளர் வேலை கிடைத்தால் யோசிக்காமல் சேர்ந்துவிடுங்கள். அதற்காகத் திரைக்கதையைப் பரணில் போடவும் வேண்டாம். ஹாலிவுட்டில் முதல் திரைக்கதை விலைபோவது அபூர்வம். ஆனால் இவருக்கு எழுத வரும் என்று அடுத்தவருக்குக் காட்டுவதும், வேலை வாங்கித் தருவதும் அதுதான். தயங்காமல் நாலு பேரிடம் படிக்கக் கொடுங்கள்.

'பிரேக்கிங் பேட்' தொடரைப் படைத்த வின்ஸ் கில்லிகன் வந்த வழியைப் பாருங்கள். அவர் தொடங்கியது சினிமாவில். நியூயார்க் பல்கலைக்கழகத்தில் படித்தபோது எழுதிய 'ஹோம் ஃப்ரைஸ்' திரைக்கதைக்கு 1989இல் வர்ஜீனியா ஆளுநர் பெயரிலான திரைக்கதைப் பரிசு கிடைத்தது. நடுவர்களில் ஒருவர், 'ரெயின் மேன்' படத் தயாரிப்பாளர் மார்க் ஜான்சன். பரிசைவிட அந்த அறிமுகம்தான் பெரிய லாபம். பின்னாளில் 'பிரேக்கிங் பேட்' தயாரிப்பிலும் கூட இருந்தவர் அவர். அப்படிப்பட்ட ஆதரவு இருந்தும் 'ஹோம் ஃப்ரைஸ்' திரைக்கு வந்தது 1998இல்தான். இடையில் 1993இல் வெளியான 'வைல்டர் நேபாம்' ஓடவில்லை.

அவரைத் தூக்கி நிறுத்தியது தொலைக்காட்சி. 'தி எக்ஸ்-ஃபைல்ஸ்' தொடரின் ரசிகராக அதன் படைப்பாளி கிறிஸ் கார்ட்டரைச் சந்தித்தவர், ஒரு மனிதனின் நிழலே ஆபத்தாக மாறினால் என்ன ஆகும் என்று ஒரு யோசனை சொன்னார். அது 1995இல் ஓர் எபிசோடானது. பிறகு எழுத்தாளர் குழுவிலேயே சேர்ந்து, 2002இல் தொடர் முடியும்வரை இருந்தார். நடிகர் தேர்வு, படப்பிடிப்பு, எடிட்டிங் எல்லாம் அங்கே கற்றவை. 1998இல் அவர் எழுதிய 'டிரைவ்' எபிசோடில் நடித்தவர் பிரையன் கிரான்ஸ்டன். 'பிரேக்கிங் பேட்' நாயகனாக இவர் சரிப்படுவாரா என்று சேனல்காரர்கள் தயங்கியபோது, அந்த எபிசோடைப் போட்டுக்காட்டித்தான் கில்லிகன் சம்மதம் வாங்கினார்.

படத்தில் எழுத்தாளர் திரைக்கதையை விற்ற பிறகு, அடுத்து யார் திருத்துவது என்பதை ஸ்டுடியோவும் இயக்குநரும் முடிவுசெய்வார்கள். படப்பிடிப்புத் தளத்தில் அவருக்கு இடம் இருக்கும் என்று சொல்ல முடியாது. தொடரில் கடைசிச் சொல், தொடர் முழுவதையும் பொறுப்பேற்று நடத்தும் ஷோரன்னருடையது. அவர் பெரும்பாலும் எழுத்தாளர்தான். இயக்குநர்கள் எபிசோடுக்கு ஒருவராக வந்துபோவார்கள்.

அந்த அறையில் என்ன நடக்கிறது என்பதையும் சொல்லிவிடுகிறேன். 'பிரேக்கிங் பேட்' அறையில் எபிசோடுக்கு ஒரு கார்க் பலகை இருந்தது. பலகையில் தொடக்கக் காட்சிக்கு மேலிருந்து கீழாக ஒரு வரிசை, அதன்பின் நான்கு பகுதிகளுக்கு நான்கு வரிசைகள். கதையின் ஒவ்வொரு நகர்வும் ஒரு சிறிய அட்டையில் எழுதிக் குத்தப்படும். பலகை நிரம்பி, எல்லாருக்கும் திருப்தியான பிறகுதான் ஒருவர் தனியே போய் வசனம் எழுத உட்காருவார். அதற்குள் வாரங்கள் ஓடிவிடும். இந்த விவாதம் முழுவதையும் குறிப்பெடுத்துத் தொகுத்துத் தருபவர்தான் உதவியாளர். எந்த யோசனை எதனால் கைவிடப்பட்டது என்பதை இவ்வளவு அருகில் இருந்து பார்க்க எந்தக் கல்லூரியிலும் வழியில்லை என்பது என் உறுதியான கருத்து.

அங்கிருந்து படிகள் உண்டு: ஸ்டாஃப் ரைட்டர், ஸ்டோரி எடிட்டர், கோ-புரொட்யூசர், புரொட்யூசர் என்று மேலே போகும். இங்கே புரொட்யூசர் என்றால் பணம் போடுபவர் என்று எண்ண வேண்டாம், எழுத்தாளரின் பதவி உயர்வு அது. பீட்டர் கூல்ட் 'பிரேக்கிங் பேட்' குழுவில் ஓர் எழுத்தாளர். 2009இல் அவர் எழுதிய எபிசோடில்தான் சால் குட்மேன் என்ற வக்கீல் முதலில் தலைகாட்டினார். 2015இல் அந்த வக்கீலை வைத்தே கில்லிகனும் கூல்ட்டும் சேர்ந்து 'பெட்டர் கால் சால்' தொடரைத் தொடங்கினார்கள்.

ஆனால் இந்த ஏணி இப்போது குறுகிவிட்டது. முன்பு பெரிய சேனல்களில் ஆண்டுக்கு 22 எபிசோடுகள் என்பது வழக்கம். ஓடிடியில் எட்டு, பத்தோடு சீசன் முடிந்துவிடுகிறது, வேலையும் அதோடு முடிகிறது. 2023இல் எழுத்தாளர் சங்கமான ரைட்டர்ஸ் கில்டு 148 நாள் வேலைநிறுத்தம் செய்ததற்கு இதுவும் ஒரு காரணம். குறைந்தது இத்தனை எழுத்தாளர்களை வைத்தாக வேண்டும் என்ற விதி அதன்பிறகு ஒப்பந்தத்தில் வந்தது. இருந்தாலும் இரண்டு வேலைகளுக்கு நடுவே சில மாதங்கள் சும்மா இருக்க நேரும். கையில் கொஞ்சம் சேமிப்பு வைத்துக்கொள்ளுங்கள்.

பெயர் விஷயத்துக்கு வருகிறேன். சங்க ஒப்பந்தத்தில் கையெழுத்திட்ட நிறுவனம் என்றால், யார் பெயர் போடுவது என்பதைத் தயாரிப்பாளர் இஷ்டப்படி முடிவுசெய்ய முடியாது. தகராறு வந்தால் சங்கத்தின் எழுத்தாளர்கள் மூவர் எல்லா வரைவுகளையும் படித்துத் தீர்ப்பு சொல்வார்கள். சொந்தக் கதையை எழுதியவருக்கு, பின்னால் எத்தனை பேர் மாற்றி எழுதினாலும் திரையில் 'கதை' என்று போடும் பெயரில் பங்காவது உண்டு. 'ஹான்காக்' படத்தின் மூலத் திரைக்கதையை வை வின்சென்ட் ங்கோ 1996இல் எழுதினார். கில்லிகன் உட்படப் பலர் கைபட்டு 2008இல் படம் வந்தபோது ங்கோவின் பெயர்தான் முதலில் இருந்தது. நீங்கள் இன்னும் சங்க உறுப்பினர் இல்லை. அதனால் விற்கும்போது இந்தப் பாதுகாப்பு உங்களுக்கும் பொருந்தும் என்று ஒப்பந்தத்தில் எழுதி வாங்குங்கள். கையெழுத்திடுமுன் பொழுதுபோக்குத் துறை வழக்கறிஞர் ஒருவரிடம் கட்டாயம் காட்டுங்கள்.

திருட்டுப் பயத்துக்கு மருந்து பதிவுதான். முழுத் திரைக்கதையை அமெரிக்கப் பதிப்புரிமை (காப்பிரைட்) அலுவலகத்தில் இணையம் வழியாகவே பதியலாம், கட்டணம் நூறு டாலருக்கும் கீழே. சங்கத்தின் பதிவு தேதிக்குச் சான்றாகுமே தவிர, இதற்கு ஈடாகாது. ஒருவரிடம் வாய்வழியாகச் சொன்ன வெறும் யோசனைக்குப் பதிப்புரிமை கிடையாது. அதனால் எழுதி முடிக்காத கதையைக் கண்டவரிடமும் சொல்ல வேண்டாம். உங்கள் சார்பில் வாய்ப்புத் தேடிப் பேரம் பேசும் ஏஜென்ட் பெறுவது நீங்கள் சம்பாதிப்பதில் பத்து சதவீதம். திரைக்கதையைப் படிக்கவே முன்பணம் கேட்கிறார் என்றால் அவர் ஏஜென்ட் இல்லை, அந்தப் பக்கமே போகாதீர்கள்.